சும்மாச்சாமியின் கைத்தண்ணி

பூமாலைக்கு வயது எத்தனை என்று கேட்டால் ஆதார் அட்டையைப் பார்த்துக்கொள்ளச் சொல்வாள். மகன் வயதைக் கேட்டால் மட்டும் யோசிக்கவே மாட்டாள். "அவன் மார்த்தண்ணி வருசத்துல பொறந்தவன்" என்பாள். பள்ளிக்கூடத்தில் சேர்க்கப் போனபோதும் தலைமையாசிரியரிடம் இதையேதான் சொன்னாள். அவர் சிரித்துவிட்டு, ஊர்ப் பிள்ளைகளில் பாதிப் பேருக்கு எழுதுகிற மாதிரி, ஜூன் முதல் தேதி என்று எழுதிக்கொண்டார். அரசாங்கத்துக்கு அந்தத் தேதி போதும். நெடுங்கரைக் காலனிக்கு மார்த்தண்ணி என்று சொன்னால்தான் அது எந்த வருசம் என்று புரியும்.

நெடுங்கரை திண்டிவனத்திலிருந்து செஞ்சி போகிற ரோட்டில் உள்ளே தள்ளி இருக்கிறது. டவுன் பஸ்ஸில் முக்கால் மணி நேரம். ஊருக்குப் பெயர் கொடுத்ததே அந்த ஏரிக்கரைதான். கரைக்கு அந்தப் பக்கம் ஊரும் நஞ்சையும். இந்தப் பக்கம், ஏரி நிறைந்தால் தண்ணீர் வந்து முட்டுகிற மேட்டோரத்தில், காலனி. நல்ல இடமாக இருந்திருந்தால் நம்மிடம் விட்டு வைத்திருப்பார்களா என்பாள் பூமாலை. அவள் வீடு காலனியின் கடைசி வீடு. வாசலில் நின்றால் ஏரிதான். கூப்பிடு தூரத்தில், ஏரிக்குள்ளேயே ஒரு சின்ன மண்மேட்டில், சாமி உட்கார்ந்திருந்தார்.

ஆள் உட்கார்ந்த அளவுக்கு ஒரு கருங்கல் சிலை. சம்மணம் போட்டு, மடியில் இடது கைமேல் வலது கையை மல்லாத்தி வைத்துக்கொண்டு, கண்ணைப் பாதி மூடியபடி காலனியைப் பார்த்து இருந்தார். கீழே சிங்கம் செதுக்கிய ஒரு பலகைக்கல்தான் ஆசனம். வேல் கிடையாது, அரிவாள் கிடையாது, ஏற வாகனம் கிடையாது. கையில் ஒன்றுமே இல்லாமல் சும்மா இருக்கிறார் என்பதால் அவருக்குச் சும்மாச்சாமி என்று பெயர். வேலைக்குப் போகாமல் வீட்டில் கிடக்கிறவனை "எழுந்திருடா சும்மாச்சாமி" என்றுதான் காலனியில் எழுப்புவார்கள். அவருக்குக் கோழி காவு கொடுக்கிற வழக்கம் இல்லை. ஏன் என்று யாருக்கும் தெரியாது. அவர் முன்னால் கோழி அறுத்தால் கத்தி மழுங்கிப்போகும் என்று மட்டும் சொல்லிக்கொள்வார்கள்.

பூமாலை பிறந்தது விழுப்புரத்தில், ரயிலடிக்குப் பின்னால். அப்பா ஜங்ஷனில் மூட்டை தூக்கினார். பதினெட்டு வயதில் கோதண்டபாணியைக் கட்டிக்கொண்டு நெடுங்கரைக்கு வந்தவளுக்கு இந்த ஏரியும் தெரியாது, சாமியும் தெரியாது. வந்த முதல் ஐப்பசியில் மூன்று நாள் விடாமல் மழை பிடித்தது. கோதண்டபாணி அவளை வாசலுக்குக் கூப்பிட்டான்.

"இங்க வா. இதான் நம்ம ஊரு ரேடியோ."

"கல்லு இன்னாத்த சொல்லும்?"

"நல்லா பாரு. தண்ணி இப்ப சிங்கத்து மேல நிக்கிது. அதுக்குப் பேரு சிங்கத்தண்ணி. ஒரு போகம் நிச்சயம், வேலைக்குப் பஞ்சம் இல்ல. இன்னும் ஏறி அவரு உள்ளங்கையில தண்ணி நின்னுச்சுன்னா கைத்தண்ணி. ரெண்டு போகம். ஆனா நம்ம தெருவுக்கு ஆபத்து. ஆட்ட அவுத்து மேட்டுல கட்டணும், சாமான மூட்டை கட்டணும். மாரு நனைஞ்சா மார்த்தண்ணி. அப்ப ஒண்ணும் பாக்கக் கூடாது, இஸ்கூலுக்குக் கெளம்பிடணும்."

பிறகு காலனியில் பிறந்த எல்லோருக்கும் தெரிந்த அந்த வாக்கியத்தை அவளுக்கும் சொல்லிக்கொடுத்தான். "கை நனைஞ்சா மூட்டையைக் கட்டு, மார் நனைஞ்சா நடையைக் கட்டு."

பூமாலை அன்றைக்குச் சிரித்தாள். இரண்டு வருடம் கழித்து நிறைமாதமாக இருந்தபோது சிரிப்பு வரவில்லை. மார் நனைந்த அன்று கோதண்டபாணி அவளைக் கட்டிலோடு தூக்கச் செய்து பள்ளிக்கூடத்தில் கொண்டுபோய்ச் சேர்த்தான். மூன்றாம் வகுப்புக் கரும்பலகைக்குக் கீழேதான் சித்தார்த்தன் பிறந்தான். மறுநாள் திரும்பி வந்து பார்த்தால் வீட்டுச் சுவர் கரைந்து போயிருந்தது. சாமி கழுத்துவரை தண்ணீரில், தலைமேல் ஒரு மீன்கொத்தியோடு, முன்பு பார்த்த அதே பார்வையோடு உட்கார்ந்திருந்தார்.

கடைசி வீட்டுக்காரி என்பதால் சாமியைப் பார்த்துச் சொல்கிற வேலை அவளிடம் வந்து ஒட்டிக்கொண்டது. யாரும் அவளை நியமிக்கவில்லை. மழை பிடித்தால் எதிர்வீட்டுச் சின்னக்கண்ணு தலையில் சாக்கைக் கவிழ்த்துக்கொண்டு வந்து நிற்பார். ஆடு வளர்க்கிறவர், அவருக்குத்தான் கவலை அதிகம்.

"பூமால, சாமி கையில தண்ணி வாங்கிட்டாரா?"

"இன்னும் நாலு வெரல் கீது மாமா. போய்த் தூங்கு."

அவள் போய்த் தூங்கு என்றால் தெரு தூங்கும். கடலைக் காட்டில் மல்லாட்டை பிடுங்கப் போகிற இடத்தில் அவளுக்குக் கூலி மற்றவர்களுக்குக் கொடுக்கிறதுதான், மரியாதையும் அவ்வளவுதான். ஆனால் ஐப்பசி கார்த்திகையில் தெருவே அவள் வாயைப் பார்க்கும். கோதண்டபாணி இறந்துபோன பிறகும் அந்த ஒரு பெருமை அவளிடம் இருந்தது. அது அவளுக்குப் பிடித்தும் இருந்தது.

வருசத்துக்கு ஒரு நாள் சாமிக்கு விருந்தாளி வருவார்கள். மேல்சித்தாமூர்ப் பக்கத்திலிருந்து அனந்தவல்லி அம்மாள், சமணர்களான நயினார் வீட்டுக்காரி, பித்தளைக் குடத்தில் பால் கொண்டு வருவாள். சாமிக்கு அபிஷேகம் செய்து, வாழையிலையில் சர்க்கரைப் பொங்கல் வைப்பாள். முதல் வருசம் பொங்கலை வாங்கப் பூமாலை தயங்கியபோது, "சாமிய பாத்துக்கிறது நீ. உனக்குக் குடுக்காம யாருக்குக் குடுக்கிறது?" என்று சொல்லிக் கையில் வைத்தாள். இருபது வருசத்துக்கு மேல் இப்படி வருசம் ஒரு முறை பார்த்துப் பார்த்தே இருவரும் சிநேகிதமாகிவிட்டார்கள்.

"இவரு பேரு தீர்த்தங்கரர், பூமால."

"உங்களுக்குத் தீர்த்தங்கரரு. எங்களுக்குச் சும்மாச்சாமி" என்பாள் பூமாலை. அனந்தவல்லி கோபித்துக்கொண்டதில்லை.

எல்லாம் நன்றாகத்தான் இருந்தது. நான்கு வருடத்துக்கு முன் ஏரியில் வண்டல் எடுக்க வந்த ஜேசிபி ஒன்று பின்னால் வரும்போது சாமியை இடித்துவிட்டது. சிலை ஆசனக்கல்லிலிருந்து நழுவிப் பின்பக்கமாகச் சாய்ந்தது. உடையவில்லை. ஆனால் மல்லாந்த கை மட்டமாக இல்லாமல் பின்பக்கம் சரிந்துவிட்டது. அந்த வருசம் தண்ணீர் எங்கே நிற்கிறது என்று கணக்குச் சொல்லப் பூமாலை திணறிவிட்டாள். சித்தார்த்தன் திண்டிவனத்தில் கல்லூரி முடித்து, செல்போன் கடையில் வேலை பார்த்துக்கொண்டிருந்தான். அவனிடம் சொன்னாள்.

"கலெக்டருக்கு ஒரு மனு எழுதுடா. சாமி சாஞ்சி கெடக்குறாரு. நல்லபடியா எடுத்து வைக்கச் சொல்லு."

சாய்ந்த பானையை எடுத்து வை, விழுந்த கொம்பை எடுத்து வை என்று அவள் வாயில் ஒரு நாளைக்குப் பத்து முறை வருகிற வார்த்தை. நிமிர்த்தி நிறுத்து என்பதுதான் அதற்கு அர்த்தம். மகன் படித்தவன், அம்மா சொன்ன வார்த்தை மாறக்கூடாது என்று அப்படியே எழுதினான். "ஏரியில் சாய்ந்து கிடக்கும் பழமையான சாமி சிலையை நல்லபடியாக எடுத்து வைக்கும்படி தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறோம்." கீழே முதல் கைநாட்டு பூமாலையுடையது. விழுப்புரத்தில் ஒரு திங்கட்கிழமை வரிசையில் நின்று அவளே கொடுத்துவிட்டும் வந்தாள்.

வீட்டுமனைப் பட்டாவுக்கு அவள் முப்பது வருசமாக மனு கொடுக்கிறாள். ஒரு பதிலும் வந்ததில்லை. இந்த மனுவுக்கு மட்டும் நாற்பதாம் நாள் கிரேன் வந்தது.

வந்தவர்கள் ஒருவரும் பொல்லாதவர்கள் இல்லை. சிலைக்கு வைக்கோல் சுற்றி, சாக்குப் போர்த்தி, பிள்ளையைத் தூக்குகிற மாதிரிதான் தூக்கினார்கள். நிமிர்த்தப் போகிறார்கள் என்று பூமாலை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். சிலை மேலே போனது. கீழே இறங்குகிற இடத்தில் லாரி நின்றது. அவள் சேற்றில் ஓடினாள்.

"சார், எங்க சார் எடுத்துக்கினு போறீங்க?"

அதிகாரி கையிலிருந்த காகிதத்தைக் காட்டினார். அவர் முகத்தில் நல்ல வேலை செய்த சந்தோசம் இருந்தது. "நீங்க கேட்டபடிதாம்மா. விழுப்புரத்துல பழம்பொருள் கூடத்துல பத்திரமா எடுத்து வச்சிடுவோம். ஆயிரம் வருசத்துச் செலைம்மா. இந்த மாதிரி மனு குடுக்க எல்லாருக்கும் மனசு வராது."

லாரி கரையேறிப் போனது. சிங்கம் செதுக்கிய ஆசனக்கல் மண்ணில் ஆழப் புதைந்திருந்ததால் அதை விட்டுவிட்டுப் போனார்கள். நுணலும் தன் வாயால் கெடும் என்று சொல்வார்களே, தன் கதை அதுதான் என்று அன்றைக்கு அவளுக்குத் தோன்றியது. பிறகு வந்த எல்லா நாளும் தோன்றியது.

ஒரு கல் போனால் என்ன என்று கேட்கலாம். சாமி இருந்தவரை அந்த மேட்டில் யாரும் மண்வெட்டி வைத்ததில்லை. அவர் போன ஆறாவது மாதம் மேட்டின் வடபக்கத்தை ரோட்டு வேலைக்கு வெட்டிக்கொண்டு போனார்கள். மேட்டோரம் நின்ற இரண்டு பனைகள் வேர் வெளியே தெரியச் சாய்ந்தன. ஆடு மேய்க்கிறவர்கள் "சாமிக்குக் கெழக்கால" என்று இடம் சொல்ல வாயெடுத்துப் பாதியில் நிறுத்தினார்கள். மீன்கொத்தி கரண்டுக் கம்பிக்குப் போய்விட்டது. பால் குடத்தோடு வருகிறவளும் வரவில்லை. வாசலில் நின்றால் எங்கு பார்த்தாலும் ஒரே ஏரி. பார்வை போய் நிற்க இடமே இல்லை. அவள் புருசன் கைநீட்டிக் காட்டிய ஏரி அது இல்லை.

அடுத்த கார்த்திகையில் புயல் வந்தது. ராத்திரியெல்லாம் கொட்டி, விடிகிறபோது வானமும் தண்ணீரும் ஒரே சாம்பல் நிறமாக இருந்தன. சின்னக்கண்ணு சாக்கைக் கவிழ்த்துக்கொண்டு வந்தார். பழக்கம்.

"பூமால, கை நனைஞ்சிச்சா?"

அவள் ஏரியைப் பார்த்தாள். தண்ணீர் இருந்தது. எவ்வளவு என்று சொல்ல அங்கே யாரும் இல்லை. அரசாங்கம் மதகில் மீட்டர் கோடு போட்டு வைத்திருந்தது உண்மைதான். மதகு கரையின் அந்தக் கோடியில் இருந்தது. காலனியிலிருந்து பார்த்தால் மதகே தெரியாது, கோடு எங்கே தெரியப் போகிறது?

"தெரியல மாமா" என்றாள். அந்த வாசலில் நின்று அவள் அப்படிச் சொன்னது அதுதான் முதல் தடவை.

பார்த்துக்கொள்ளலாம் என்று தெரு உட்கார்ந்திருந்தது. ஒரு மணி நேரத்தில் தண்ணீர் அடுப்புக்குள் வந்துவிட்டது. உயிர்ச்சேதம் இல்லை. கிழவி வெள்ளையம்மாளைக் கதவுப் பலகையில் வைத்துத் தூக்கிப்போய்ப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தார்கள். சின்னக்கண்ணுவின் பதினோரு ஆடுகள் கட்டின கயிற்றோடு செத்தன. அவர் பூமாலையை ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஆனால் அதற்குப் பிறகு எத்தனை மழை பெய்தும் அவள் வாசலுக்கு வந்து கேட்கவும் இல்லை. திட்டியிருந்தால்கூடத் தேவலை என்றிருந்தது அவளுக்கு.

சித்தார்த்தன் சாமியைத் திருப்பிக் கேட்டு இன்னொரு மனு எழுதினான். சிலை பாதுகாப்பாக உள்ளது என்று பதில் வந்தது. ஏரியில் விட்டால் திருடன் கொண்டுபோவான் என்று வாயால் சொன்னார்கள். அதுவும் பொய்யில்லை என்று பூமாலைக்கே பட்டது. சாமி வரமாட்டார். ஆனால் மழை வரும். இந்த வருசம் ஆவணி பிறந்ததும் மேகம் கூடத் தொடங்கியபோது அவளுக்கு இருப்புக் கொள்ளவில்லை. மூட்டை தைக்கிற சணலில் நீளமாக ஒரு துண்டு வெட்டி மடியில் செருகிக்கொண்டாள். மகன் செல்போனில் அனந்தவல்லியைக் கூப்பிட்டாள்.

"வல்லிம்மா, சாமிய பாக்க விழுப்புரம் போறேன். வர்றீங்களா?"

"நீ கூப்புடுவேன்னு ரெண்டு வருசமா காத்துக்கினு கீறேன்" என்றாள் அவள்.

இருவரும் திண்டிவனம் பஸ் ஸ்டாண்டில் சந்தித்து விழுப்புரம் பஸ் ஏறினார்கள். கூடத்தில் சாமி சிமெண்டு மேடைமேல், டியூப்லைட்டுக்குக் கீழே, நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். அவள் கேட்டபடியே எடுத்து வைத்திருந்தார்கள். நன்றாகத் தேய்த்துக் கழுவியும் இருந்தார்கள். மடியிலும் மார்பிலும் வருசா வருசம் தண்ணீர் நின்று விழுந்த வரிகள், மார்த்தண்ணி வருசத்துக் கோடு, எல்லாம் போய்ப் புதுக்கல் மாதிரி இருந்தார். மல்லாந்த உள்ளங்கையில் மெல்லிசாகத் தூசி படிந்திருந்தது. இத்தனை காலம் அவரைச் சும்மா இருக்கிறவர் என்று சொன்னது எவ்வளவு பெரிய பொய் என்று பூமாலை நினைத்தாள். இப்போதுதான் அவர் உண்மையிலேயே சும்மா இருக்கிறார். அவளுக்கு அழுகை வந்தது. அழுதாள்.

அனந்தவல்லி கண்ணை மூடி மந்திரம் சொல்லி முடித்தாள். பால் ஊற்ற வழியில்லை, வெறுங்கையைக் கூப்பினாள். பிறகு, "தீர்த்தங்கரர்னா இன்னா அர்த்தம்னு நீ கேட்டதே இல்லையே" என்றாள். "தண்ணிய கடக்கத் தொறை கட்டிக் குடுக்கிறவரு. வெள்ளத்துல மாட்டிக்கினவங்கள கரை சேக்கிறவரு."

பூமாலை முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "அதத்தானேம்மா எங்களுக்குப் பண்ணிக்கினு இருந்தாரு."

மடியிலிருந்து சணலை எடுத்துக் கிட்டே போனதும், காவலுக்கு நின்ற சகாயராஜ் வந்துவிட்டார். "தொடக்கூடாதும்மா."

அவள் எல்லாவற்றையும் சொன்னாள். சிங்கத்தண்ணி, கைத்தண்ணி, மார்த்தண்ணி, மனு, கிரேன், பதினோரு ஆடு. அவர் கேட்டுக்கொண்டே நின்றார். "அந்தப் புயலுக்கு எங்க தெருவுலயும் இடுப்பளவு தண்ணி" என்றார். பிறகு சணலைக் கைநீட்டி வாங்கிக்கொண்டார்.

"நீங்க தொடக்கூடாது. தூசி தட்டுறது என் வேல. எங்க புடிக்கணும்னு மட்டும் சொல்லுங்க."

சிலையின் அடியிலிருந்து உள்ளங்கை வரை ஒரு முடிச்சு. அங்கிருந்து மார் வரை இன்னொரு முடிச்சு. பூமாலை இரண்டையும் பல்லால் கடித்து இறுக்கினாள்.

மறுநாள் காலையில் சித்தார்த்தன் வேலிக்கு நடுகிற கல்கால் ஒன்றும் சிவப்புப் பெயிண்டும் வாங்கி வந்தான். ஆசனக்கல்லை ஒட்டி அதை நட்டு, முடிச்சு வருகிற இரண்டு இடத்திலும் பட்டை தீட்ட வேண்டும். அந்த உயரத்தில் தீட்டினால் வாசலிலிருந்து கண்ணுக்குத் தெரியுமா என்பதுதான் தெரியவில்லை. "இரு, நான் போய்ப் பாக்குறேன்" என்று பூமாலை ஏரிக்குள் இறங்கினாள். அரைகுறையாக மிஞ்சியிருந்த மேட்டில் ஏறி, சிங்கத்தின்மேல் இருந்த மண்ணைக் கையால் தள்ளிவிட்டு, காலனியைப் பார்த்துச் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். சணலின் ஒரு நுனியைக் கல்லில் அழுத்தி மறு நுனியைத் தூக்கிப் பிடித்தாள். முதல் முடிச்சு அவள் மடியில் வைத்த கைக்கு நேராக வந்தது. இரண்டாவது மார்புக்கு.

வாசலில் நின்ற மருமகள் ஆரோக்கியசெல்வி கத்திச் சொன்னாள். "தெரியிறீங்க அத்தே."

"கை தெரியுதா?"

"நல்லா தெரியுது."

"மாரு?"

"அதுவும் தெரியுது. போதும், வாங்க."

பூமாலை உடனே எழுந்து வரவில்லை. சாமி இத்தனை காலம் பார்த்துக்கொண்டிருந்ததை இப்போதுதான் அவள் பார்த்தாள். கடைசி வீடாகத் தன் வீடு. அதன் வாசல். கோதண்டபாணி அவளைக் கூப்பிட்டு நிறுத்திய இடம். தெருவில் ஒவ்வொரு வீடும் அங்கிருந்து தெரிந்தது. கரைமேல் இரண்டு புது ஆட்டுக்குட்டிகளை ஓட்டிக்கொண்டு போன சின்னக்கண்ணு அவளைக் கண்டு நின்றார். இரண்டு வருசத்துக்குப் பிறகு அவராகவே குரல் கொடுத்தார்.

"பூமால, அங்க குந்திக்கினு இன்னா பண்றே?"

அவள் கையை மடியில் மல்லாத்தி வைத்துக்கொண்டாள்.

"சும்மாதான் கீறேன் மாமா" என்றாள்.